காலனிப் பெட்டியில் விழுந்த ஒற்றை ஓட்டு

மின்விசிறியைக் கொஞ்சம் குறைத்து வைத்தால் நல்லது, மாஜிஸ்திரேட் அம்மா. இறக்கையில் அப்பியிருக்கிற தூசி உங்கள் காகிதத்தில் உதிர்கிறது. குறை சொல்வதாக நினைக்க வேண்டாம். கோர்ட்டுக் கட்டிடம் என்றால் அப்படித்தான் இருக்கும். எனக்குத்தான் அழுக்கைக் கண்டால் ஆகாது. அது பிறவிக் குணம்.

நீங்கள் கேட்டதற்குப் பதில் சொல்லிவிடுகிறேன். என்னை யாரும் அடிக்கவில்லை, மிரட்டவில்லை. இன்ஸ்பெக்டர் மரியாதையாகத்தான் நடத்தினார், இட்லிகூட வாங்கிக் கொடுத்தார். பொட்டலத்தைப் பிரித்த போலீஸ்காரர் கை கழுவாமல் பிரித்ததால் நான் சாப்பிடவில்லை. வாக்குமூலம் கொடுக்க வேண்டிய கட்டாயம் எனக்கு இல்லை என்று நீங்கள் சொன்னதும் புரிந்தது. இருந்தாலும் சொல்கிறேன். வெளியே ஊர் வாயை மூட உலைமூடி இல்லை; தலையும் இல்லாமல் வாலும் இல்லாமல் பேசுகிறார்கள். தட்டச்சு செய்கிறவருக்குச் சிரமம் வேண்டாமென்று கூடியவரை எழுத்துத் தமிழிலேயே சொல்கிறேன்.

என் பெயர் சுந்தரபாண்டியன். ஊர் வெள்ளைப்பாறைப்பட்டி. ராஜபாளையத்திலிருந்து டவுன் பஸ் வரும். தாத்தா காலத்தில் எங்களுக்குப் பருத்திக் காடு, அப்பா காலத்தில் தறி, என் காலத்தில் பேண்டேஜ் யூனிட். ஆபரேஷன் செய்த புண்ணில் வைக்கிற காஸ் துணி என்னிடமிருந்து எத்தனையோ ஊருக்குப் போகிறது. உள்ளே வருகிறவர்கள் தலைக்குத் தொப்பி போட வேண்டும், கைக்கு உறை போட வேண்டும். துணியில் ஒரு முடி கிடந்தால் அந்தத் துணிச் சுருளையே தூக்கிப் போட்டுவிடுவேன். முகம் தெரியாத எவனோ ஒருவன் புண்ணில் சீழ் வைத்துவிடக் கூடாதே என்று கவலைப்படுகிறவன் நான். இதை நீங்கள் முதலில் எழுதிக்கொள்ள வேண்டும்.

பஞ்சாயத்துத் தலைவர் பதவி தாத்தா காலத்திலிருந்து எங்கள் வீட்டில்தான். அதற்குத் தேர்தல் என்று ஒன்று நடந்ததே கிடையாது. பாறைக் கருப்பசாமி கோயிலில் ஊர் கூடும். ஒரு பேர் சொல்வார்கள். வேறு யாரும் மனுப் போட மாட்டோம் என்று வீட்டுக்கு ஒருவர் வந்து, எரிகிற கற்பூரத்தை உள்ளங்கையால் அடித்து அணைத்துச் சத்தியம் செய்வார்கள். கற்பூரம் அணைத்துச் சொன்ன சொல் மாறக் கூடாது. மாறினால் அந்த வீட்டில் பிள்ளை தங்காது.

கல்லூரியில் நான் சரித்திரம் படித்தவன். ஐரோப்பாவில் பால்கன் மலைப்பக்கத்து ராஜ்யங்களைப் பற்றி எங்கள் பேராசிரியர் பாடம் நடத்துவார். ராஜாவும் உண்டு, நாடாளுமன்றமும் உண்டு, தேர்தலும் உண்டு. மந்திரிக்கு ஆகாத விவசாயி ஓட்டுப் போட வந்தால் துப்பாக்கிச் சிப்பாய் ஊர் எல்லையிலேயே அடித்துத் திருப்பிவிடுவானாம். தோற்றவர்கள் செல்லாது, செல்லாது என்று கத்துவார்களாம். வகுப்பு முழுக்கச் சிரிக்கும். எனக்குச் சிரிப்பு வந்ததில்லை, அருவருப்பாக இருக்கும். ஒரு ஓட்டுக்காக ஆளை அடிப்பது, ரத்தம் வரவைப்பது எல்லாம் மனிதர்கள் செய்கிற வேலையா? எங்கள் ஊரில் அப்படி நடந்ததில்லை, அம்மா. எங்களுக்குக் கருப்பசாமி போதுமானதாக இருந்தார்.

இந்த முறை பதவி பெண்களுக்கு என்று வந்துவிட்டது. சரி, என் மனைவி முனீஸ்வரி பேரில் மனுப் போட்டேன். அவளுக்கு இஷ்டமில்லை.

"எனக்கெதுக்கு இந்தச் சோலி? நாளைக்கு ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆனா எம்பேருதான சந்தி சிரிக்கும்" என்றாள்.

கையெழுத்துப் போடுகிற வேலை மட்டும்தான் உனக்கு என்று சமாதானம் சொன்னேன். எல்லாம் வழக்கப்படி முடிந்திருக்கும். ஆனால் பியூலா மனுப் போட்டுவிட்டாள்.

பியூலா காலனிக்கு மருமகளாக வந்தவள். புருஷன் பட்டாளத்தில் இருக்கிறான். இவள் ராஜபாளையத்தில் ஒரு ஆஸ்பத்திரியில் நர்ஸ். காலனியில் யாருக்குக் காய்ச்சல் என்றாலும் ஸ்கூட்டரில் போய் நிற்பாள். அவள் வேதக்காரி, சர்ச்சுக்குப் போகிறவள், அதனால் கருப்பசாமி கோயில் கூட்டத்துக்கு யாரும் கூப்பிடவில்லை, அவள் சத்தியமும் செய்யவில்லை. அந்த ஓட்டை வழியாகத்தான் எலி உள்ளே வந்தது. மனுப் போட்ட அன்றைக்கு என் ஆபீசுக்கே வந்தாள்.

"அண்ணாச்சி, இதுல பகை ஒண்ணும் கெடையாது. நாங்களும் ஒரு தடவ நின்னு பாக்கோம்" என்றாள்.

எனக்கு எதிரே நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு சொன்னாள். நான் சிரித்த முகமாகவே அனுப்பி வைத்தேன். அவள் போன பிறகு அந்த நாற்காலியை டெட்டால் போட்டுத் துடைக்கச் சொன்னேன்.

அதற்குப் பிறகு காலனிக்குள் ஓட்டுக் கேட்டுப் போக வேண்டி வந்தது. எங்கள் வம்சத்தில் யாரும் படாத பாடு அது. சாக்கடை தெருவின் நடுவே ஓடும். கோழி, குழந்தை, ஈ எல்லாம் ஒரே பாயில் இருக்கும். ஒரு கிழவி என் கன்னத்தை வழித்து முத்தம் வைத்தாள், எச்சில் காயும்வரை நான் சிரித்துக்கொண்டே நின்றேன். ஒரு வீட்டில் காப்பி கொடுத்தார்கள். டம்ளரில் வாய் படாமல் அண்ணாந்து ஊற்றிக்கொண்டேன். அதற்கே, "மொதலாளி நம்ம வீட்டுல குடிச்சிட்டாருல்ல" என்று தெரு முழுக்கப் பேச்சு. வீட்டுக்கு வந்து வாயில் விரலை விட்டு வாந்தி எடுத்த பிறகுதான் எனக்கு உயிர் வந்தது.

ஆனாலும் குறை வைக்கவில்லை. காலனியில் வீட்டுக்கு ஒரு எவர்சில்வர் குடம் கொடுத்தேன். கோயில் முன்னால் வரிசையாக நிற்க வைத்தேன்; முனீஸ்வரியின் பூட்டுச் சாவிச் சின்னத்தில்தான் குத்துவோம் என்று பிள்ளைகளைத் தொட்டுக் கற்பூரம் அணைத்தார்கள். என் யூனிட்டில் துணி மடிக்கிற மாரிசெல்வி தன் மகன் சூர்யபிரகாஷை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்தாள். கருப்பசாமிக்கு நேர்ந்து பெற்ற பிள்ளை என்பாள். அவன் உள்ளங்கையைத் தன் கையோடு சேர்த்து வைத்துக் கற்பூரத்தை அணைத்தாள். பையன் சூடு பட்டு அழுதான். பக்தியான பெண் என்று நானே பூசாரியிடம் சொன்னேன்.

ஓட்டு எண்ணிக்கை அன்று எங்கள் தெருப் பெட்டிகள் எல்லாம் சரியாக இருந்தன. கடைசியாகக் காலனிப் பெட்டியைக் கவிழ்த்தார்கள். பியூலாவுக்குக் கத்தரிக்காய்ச் சின்னம். சீட்டைப் பிரிக்கப் பிரிக்கக் கத்தரிக்காய், கத்தரிக்காய், கத்தரிக்காய். சந்தையில்கூட நான் அவ்வளவு கத்தரிக்காய் பார்த்ததில்லை. அந்தக் குவியலில் ஒரே ஒரு சீட்டில் மட்டும் சாவியில் முத்திரை குத்தியிருந்தது. சேர்த்துக் கட்டுப் போட வேறு சீட்டு இல்லாமல் அதிகாரி அதைத் தனியாக மேசை மேலே வைத்தார். பின்னால் யாரோ சிரித்தார்கள். என் வாழ்க்கையில் முதன்முதலாக என்னைப் பார்த்து யாரோ சிரித்தது அன்றைக்குத்தான்.

மறுநாள் வேலைக்கு வந்த காலனிக்காரர்கள் ஒவ்வொருவராக என்னிடம் வந்து, "அந்த ஒத்த ஓட்டு நான் போட்டது மொதலாளி" என்று காதைக் கடித்தார்கள். அவர்கள் சொன்னதை எல்லாம் நம்பினால் அந்த ஒரு சீட்டில் ஒரு தெருவே முத்திரை குத்தியிருக்க வேண்டும். மனிதப் பிறவியின் மேலேயே எனக்குக் குமட்டல் வந்தது அப்போதுதான். என் குடத்தை வாங்கினார்கள், என் முகத்தைப் பார்த்தார்கள், தங்கள் பிள்ளைகளையே தொட்டார்கள், பிறகு மறைவுக்குள் போய்க் கத்தரிக்காயில் குத்தினார்கள்.

இங்கே ஸ்ரீவில்லிபுத்தூரில் எட்வின் வக்கீலைப் பார்த்துத் தேர்தல் மனு போடச் சொன்னேன். அவர் ஒளிக்காமல் சொன்னார்.

"தோத்துட்டோம்னு சொன்னா கேஸ் நிக்காது அண்ணாச்சி. என் ஓட்டை வேற ஆளு போட்டுட்டான்னு ஓட்டுக்காரனே வந்து கூண்டுல ஏறிச் சொல்லணும். காலனியில ஒரு இருவது பேரு அப்படிச் சொன்னா, தேர்தலே செல்லாதுன்னு கேக்கலாம். சொல்லுவாங்களா?"

சொல்ல மாட்டார்கள் என்பது எனக்குத் தெரியும். பியூலா ஜெயித்ததில் அவர்களுக்குத் தலைகால் புரியவில்லை. ஆனால் சத்தியம் என்று ஒன்று இருக்கிறதே. அதை மீறிய வீட்டைச் சாமி சும்மா விடாது என்று நான் காத்திருந்தேன். ஒரு கோழிக்குக்கூடச் சீக்கு வரவில்லை. அரசன் அன்று கொல்வான், தெய்வம் நின்று கொல்லும் என்பார்கள். தெய்வம் நின்று நிதானமாகக் கொல்லட்டும், எனக்கு ஆட்சேபணை இல்லை. ஆனால் என் வாய்தா தேதி அதற்கு முன்னால் வந்துவிடும்போல இருந்தது.

காலனிக் கிணறு என் யூனிட்டின் பின்சுவரை ஒட்டி இருக்கிறது. அதில் மோட்டார் வைத்துத் தொட்டிக்கு ஏற்றித்தான் அவர்கள் குடிக்கிறார்கள். சுவருக்கு இந்தப் பக்கம் என்னுடைய கழிவுக் குட்டை. துணி வெளுத்த தண்ணீரும், வேலையாட்களின் கக்கூஸ் தண்ணீரும் அதில்தான் சேரும். நான் அந்தப் பக்கமே போக மாட்டேன். நாற்றம் குடலைப் பிடுங்கும். ஆனால் ஒன்று கவனித்திருக்கிறேன். கசடு அடியில் தங்கிவிட்டால் மேல்தண்ணீர் பார்ப்பதற்குத் தெளிவாகத்தான் இருக்கும்.

தென்னங்கன்றுகளுக்கு விட வேண்டும் என்று சொல்லி, என் மேஸ்திரி பொன்னுராஜிடம் குட்டையில் மோட்டார் வைத்து ஹோஸ் போடச் சொன்னேன். மறுநாள் பட்டப்பகலில், காலனியில் எல்லாரும் வேலைக்குப் போயிருந்த நேரத்தில், முகத்துக்கு ஒன்றின்மேல் ஒன்றாக மாஸ்க் கட்டிக்கொண்டு போய், ஹோஸின் முனையை நானே சுவருக்கு அந்தப் பக்கம் கிணற்றுக்குள் இறங்கும்படி நகர்த்தி வைத்தேன். நான் செய்தது அவ்வளவுதான். ஒரு ரப்பர்க் குழாயை நாலடி தள்ளி வைத்தேன். கையைத்தான் தேய்த்துத் தேய்த்துக் கழுவ வேண்டியிருந்தது.

பொன்னுராஜ் சாயங்காலமே கண்டுபிடித்துவிட்டான்.

"மொதலாளி, ஹோஸு கெணத்துப் பக்கமால்ல கெடக்கு."

"கெடக்கட்டும்லே."

"புள்ளைக குடிக்கிற தண்ணி மொதலாளி."

"ஒன் வீட்டுக்கு மேலத்தெருக் குழாயிலதான தண்ணி வருது? பொறவு என்ன?"

அவன் தலையைச் சொறிந்துகொண்டு போய்விட்டான். இன்றைக்கு என்னைக் காட்டிக் கொடுத்தவன் அவன்தான் என்று கேள்விப்பட்டேன். எனக்கு அவன்மேல் கோபம் இல்லை. ஆனால் அவனும் அத்தனை நாள் வாயைத் திறக்கவில்லை என்பதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

சத்தியத்தை மீறாத அந்த ஒருவரும் இதே தண்ணீரைத்தானே குடிப்பார் என்று இன்ஸ்பெக்டர் கேட்டார். அதை நான் யோசிக்காமல் இல்லை. தண்ணீரை விடுவது மட்டும்தான் என் வேலை. யாரைத் தண்டிக்க வேண்டும், யாரை விட்டுவிட வேண்டும் என்பது சாமிக்குத் தெரியும். சொன்ன சொல் தவறாதவர் எதைக் குடித்தாலும் ஒன்றும் ஆகாது. இந்த நம்பிக்கைகூட இல்லையென்றால் நான் ஹோஸைத் தொட்டிருக்கவே மாட்டேன்.

சீக்கிரமே காலனியில் வாந்தியும் வயிற்றுப்போக்கும் வந்தன. முதலில் குழந்தைகளுக்கு, பிறகு பெரியவர்களுக்கு. பியூலா உப்புக் கரைசல் பொட்டலங்களை வைத்துக்கொண்டு வீடு வீடாக ஓடினாள். நான் எதிர்பார்த்தது மூன்றாம் நாள் நடந்தது. கருத்தம்மாள் என்கிற பொம்பளை என் வாசலில் வந்து விழுந்தாள்.

"மாத்திக் குத்திட்டோம் மொதலாளி. சாமி கேட்டுட்டு. எம்பேரப்புள்ள கண்ணு உள்ள போயிட்டு. என்ன பரிகாரம்னு சொல்லுங்க, செஞ்சிருதேன்."

பிறகு வரிசையாக வந்தார்கள். அந்த ஒற்றை ஓட்டு நான் போட்டது என்று காதைக் கடித்த அதே வாய்கள், மாற்றிக் குத்தினேன் என்று அழுதன. வாசல் முழுக்க மூக்குச்சளியும் கண்ணீரும். கைப்புண்ணுக்குக் கண்ணாடி எதற்கு? நான் கெட்ட வார்த்தை ஒன்றுகூடச் சொல்லவில்லை. பரிகாரம் சுலபம்தான், ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் வந்து, நாங்கள் ஓட்டே போடவில்லை, எங்கள் பேரில் வேறு யாரோ போட்டார்கள் என்று சொன்னால் சாமி மனசு இறங்கும் என்று மட்டும் சொன்னேன். எட்வின் வக்கீலிடம் வேனில் அழைத்துப் போய்க் கைநாட்டும் கையெழுத்தும் வாங்கினேன். திரும்பும்போது வேனில் இரண்டு பேர் வாந்தி எடுத்தார்கள். அந்த வேனை நான் அப்புறம் வைத்துக்கொள்ளவில்லை.

அப்போதே ஹோஸை எடுத்திருக்கலாமே என்று நீங்கள் நினைப்பது முகத்தில் தெரிகிறது. கூண்டில் ஏறிச் சாட்சி சொல்ல இன்னும் நாள் இருந்தது, அம்மா. இவர்களை எனக்கு நன்றாகத் தெரியும். வயிறு சரியானால் பயமும் சரியாகிவிடும். அதனால் ஹோஸ் இருந்த இடத்திலேயே இருந்தது. யூனிட்டில் பாதிப் பேர் வேலைக்கு வராமல் எனக்கும் நஷ்டம்தான். பொறுத்துக்கொண்டேன்.

மாரிசெல்வி மட்டும் மன்னிப்புக் கேட்க வரவில்லை. அவள் வந்தது ஒரு காலை நேரத்தில், பையனைத் தோளில் போட்டுக்கொண்டு. அவன் தலை தொங்கிக்கொண்டிருந்தது. நான் கேட்டுக்கு உள்ளே நின்றேன்.

"மொதலாளி, பிள்ள முழிக்க மாட்டேங்கான். ராஜபாளையத்துக்குக் கொண்டுபோவணும். பியூலாக்கா வேற பிள்ளையக் கூட்டிட்டுப் போயிட்டாவ. பஸ்ஸு வரச் செத்த நேரம் ஆவும். ஒங்க காரைக் குடுங்க."

"நீ ஏன் மத்தவுக மாதிரி வந்து தப்பை ஒத்துக்கல?" என்று கேட்டேன்.

அவளுக்குக் கேள்வியே விளங்கவில்லை.

"நான் என்ன தப்பு செஞ்சேன்? நாஞ் சாவியிலதான குத்துனேன். எம்பிள்ள கையை வச்சுல்ல சத்தியம் பண்ணேன், மாத்துவனா? எம்புட்டுத் தண்ணி குடுத்தாலும் அம்புட்டையும் கக்கிருதான் மொதலாளி. இன்னும் குடுக்கவா?"

குடு என்று சொன்னேன்.

கையில் பாட்டில் வைத்திருந்தாள். என் கண்முன்னாலேயே இரண்டு வாய் புகட்டினாள். அவன் அதை அவள் தோளிலேயே கக்கினான். காரின் சீட் உறை அப்போதுதான் மாற்றியது, வெள்ளைத் துணி. டிரைவர் வரவில்லை என்று சொல்லி அனுப்பினேன். அவள் பஸ் நிறுத்தத்துக்கு ஓடினாள். ஓடும்போதுகூட என்னைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டுத்தான் ஓடினாள்.

பையன் பஸ்ஸிலேயே போய்விட்டான். வழியிலிருக்கிற மில்லைத் தாண்டும்போது மூச்சு இல்லை என்று கண்டக்டர் பார்த்தாராம்.

அடக்கத்துக்கு நான் போனேன். போகாமல் இருந்தால் நன்றாக இருக்காது. கர்ச்சீப்பை மூக்கில் வைத்துக்கொண்டு ஓரமாக நின்றேன். மாரிசெல்வி கூட்டத்தை விலக்கிக்கொண்டு நேரே என்னிடம் வந்தாள். அழவில்லை.

"மொதலாளி, சத்தியத்தை மாத்துனவுக பிள்ளையெல்லாம் பொழச்சுக் கெடக்கு. நான் மாத்தல. பொறவு சாமி ஏன் எம்பிள்ளையக் கேட்டுச்சு? நீங்க படிச்சவுகதானே, சொல்லுங்க."

எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் கர்ச்சீப்பை மறுபக்கம் திருப்பி மூக்கில் வைத்துக்கொண்டேன். பியூலா என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். அன்றைக்கே கிணற்றுத் தண்ணீரைப் பாட்டிலில் பிடித்து மதுரைக்குச் சோதனைக்கு அனுப்பிவிட்டாள் என்பது பிறகுதான் தெரிந்தது. சோதனைக் காகிதம் வந்தபின் போலீஸ் பொன்னுராஜைப் பிடித்தது, அவன் ஹோஸைக் காட்டினான். மற்றது உங்களிடம் இருக்கிறது.

என் மனைவி என்ன சொன்னாள் என்று கேட்டீர்கள். அவள் தன் கையால் எனக்குச் சோறு போடுவதை நிறுத்திவிட்டாள். தட்டைத் தரையில் வைத்துக் காலால் தள்ளினாள், நாய்க்குத் தள்ளுவதுபோல. பிறகு மகாராஜபுரத்தில் அவள் அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டாள். பெண்களுக்கு இளகின மனசு.

ஆகவே, ஆமாம், அம்மா. கழிவுத் தண்ணீரைக் காலனிக் கிணற்றில் விட்டது நான்தான். தெரிந்துதான் விட்டேன். பையன் கண் திறக்காமல் கிடந்தபோது, அந்தத் தண்ணீரைக் கொடுக்காதே என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் ஒருவேளை பிழைத்திருப்பான். நான் சொல்லவில்லை. இதையெல்லாம் மறுக்கப் போவதில்லை. ஆனால் இதை வைத்துத் தேர்தல் மனுவைத் தள்ளிவிடக் கூடாது. அது வேறு, இது வேறு.

கடைசியாக ஒன்று. இன்ஸ்பெக்டர் பெரிய கண்டுபிடிப்பு மாதிரிக் கேட்டார்: காலனியில் சத்தியம் செய்த எல்லா வீட்டுக்காரரும் வந்து மாற்றிக் குத்தியதை ஒப்புக்கொண்டுவிட்டார்கள், மாரிசெல்வியைத் தவிர, அப்படியானால் பெட்டியில் உங்களுக்கு விழுந்த அந்த ஒரு ஓட்டு அவள் போட்டதுதானே என்று. அவர் சின்ன வயசு, எங்கள் சாமியைப் பற்றித் தெரியாது. வேறு யாராவது போட்டுவிட்டுப் பயத்தில் மாற்றிச் சொல்லியிருப்பார்கள். மாரிசெல்வியும் மற்றவர்கள் மாதிரி கத்தரிக்காயில்தான் குத்தியிருக்கிறாள், கடைசிவரை ஒத்துக்கொள்ளத்தான் மனசு வரவில்லை. அப்படி இல்லையென்றால் அந்தப் பிள்ளை எதற்காகச் சாக வேண்டும்?